பத்து வெள்ளிக்கு ஒரு தோட்டம்

போன மாதம் பிரிக்பீல்ட்ஸில் நம்ம இளைஞர் கூட்டம் முடிந்து எல்லாரும் தே தாரிக் குடித்துக்கொண்டிருந்தோம். எதிரே மோனோரயில் நிலையம். துன் சம்பந்தன் யார் என்று சும்மா கேட்டுப் பார்த்தேன். ஒரு தம்பி, பழைய அமைச்சர் என்றான். ஒரு தங்கை ம.இ.கா. தலைவர் என்றாள். இன்னொருவன் சிரித்துக்கொண்டே, அது ஒரு ஸ்டேஷன் பெயர் அண்ணே என்றான். மூன்று பேர் சொன்னதும் சரிதான். ஆனால் எங்கள் வீட்டில் அவரை இந்த மூன்றில் எதற்காகவும் நினைப்பதில்லை. எங்கள் பாட்டியின் மைலோ டின்னுக்குள் இருக்கும் பத்து வெள்ளி ரசீதுகளுக்காக நினைக்கிறோம். அந்த ரசீதுகளின் கதையைச் சொல்ல வேண்டுமென்றால் அவர் கதையையும் சொல்லியாக வேண்டும்.

வீ. தி. சம்பந்தன் பிறந்தது 1919 ஜூன் 16, பேராக் மாநிலம் சுங்கை சிப்புட்டில். அவருடைய தந்தை வீராசாமி 1896-ல் தமிழ்நாட்டிலிருந்து வந்தவர். பாடுபட்டு ரப்பர் நிலம் சேர்த்து, ஊரில் பெரிய மனிதர் ஆனார். ஆகவே சம்பந்தன் லயத்து வீட்டுப் பிள்ளை இல்லை, முதலாளி வீட்டுப் பிள்ளை. இதை மறைக்க வேண்டிய அவசியமில்லை. கோலகங்சாரில் கிளிஃபோர்ட் பள்ளியில் ஆங்கிலப் படிப்பு. பிறகு சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகம். அங்கே அப்போது சுதந்திரப் போராட்டச் சூடு. காந்தியும் கதரும் பேச்சாக இருந்த காலம். அந்தச் சூடு இவரையும் பிடித்துக்கொண்டது.

ஊர் திரும்பிய பிறகு 1948-ல் அவருடைய 29-ஆவது பிறந்த நாளன்றுதான் சுங்கை சிப்புட் வட்டாரத் தோட்டங்களில் மூன்று ஐரோப்பிய நிர்வாகிகள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அவசரகாலம் தொடங்கியது. சொந்த ஊரைச் சுற்றி முள்வேலியும் ஊரடங்கும். தோட்டத் தொழிலாளி நடுவில் மாட்டிக்கொண்டு தவிப்பதை அவர் பக்கத்திலிருந்தே பார்த்திருக்க வேண்டும். 1954-ல் சுங்கை சிப்புட்டில் மகாத்மா காந்தி பெயரில் தமிழ்ப்பள்ளி எழும்பியது. அதற்கு முன்நின்றவர் இவர். திறந்து வைக்க வந்தவர் நேருவின் தங்கை விஜயலட்சுமி பண்டிட்.

1955-ல் தேவாசருக்குப் பிறகு ம.இ.கா.வின் தேசியத் தலைவர். அதே ஆண்டு தேர்தலில் வென்று தொழிலாளர் அமைச்சர். பிறகு சுகாதாரம். 1959-லிருந்து 1971 வரை பொதுப்பணி, அஞ்சல், தொலைத்தொடர்பு. அடுத்து தேசிய ஒற்றுமைத் துறை. 1967-ல் துன் பட்டம். பதவிகளை இப்படி வேகமாக ஓட்டிவிடுகிறேன். அமைச்சர்கள் நிறையப் பேர் இருந்தார்கள். நான் சொல்ல வந்தது வேறு.

தம்பி தங்கைகளே, தோட்டத் துண்டாடல் என்ற சொல்லை உங்களில் எத்தனை பேர் கேள்விப்பட்டிருக்கிறீர்கள்? எங்கள் பாட்டி இருந்தவரை அதை ஏதோ ஒரு நோயின் பெயர் மாதிரிதான் உச்சரிப்பார்.

1950-களில் நாடு சுதந்திரம் பெறப்போகிறது என்று தெரிந்ததும், வெள்ளைக்காரக் கம்பெனிகள் பலவற்றுக்குப் பயம் வந்தது. நாளைக்கு என்ன சட்டம் வருமோ, இப்போதே விற்றுவிட்டுப் போவோம் என்று நினைத்தார்கள். மரங்களும் கிழடாகிக்கொண்டிருந்தன. வாங்கியவர்களில் பலர் தோட்டம் நடத்த வந்தவர்கள் இல்லை. ஆயிரம் ஏக்கரை மொத்த விலைக்கு வாங்கி, பத்து ஏக்கர் இருபது ஏக்கராகக் கூறுபோட்டுச் சில்லறை விலைக்கு விற்கும் வியாபாரிகள். மீன் மார்க்கெட்டில் பெரிய மீனை வாங்கித் துண்டு போட்டு விற்பதுபோலத்தான். லாபம் துண்டில்தான் இருந்தது.

இதில் தொழிலாளிக்கு என்ன நட்டம்? முதலாளி மாறினால் மாறட்டுமே என்று தோன்றலாம். அப்படி இல்லை. நூறு ஏக்கருக்கு மேல் இருந்தால்தான் கணக்கில் அது எஸ்டேட். அதற்குக் குறைந்தால் சிறுதோட்டம். எஸ்டேட் என்றால் வீடு, தண்ணீர், மருந்து, பிள்ளைகளுக்குப் பள்ளி என்று முதலாளிமேல் சில கடமைகள் இருந்தன. துண்டு போட்டதும் அந்தக் கடமையெல்லாம் யார் தலையிலும் இல்லாமல் போனது. இருபது ஏக்கர்க்காரர் தன் குடும்பத்தை வைத்தே பால் வெட்டிக்கொள்வார், அல்லது குத்தகைக்குக் குறைந்த கூலியில் ஆள் பிடிப்பார். லயம் யாரோ ஒருவர் துண்டில் விழும். ஆயாக் கொட்டகை இன்னொருவர் துண்டில். தோட்டத்து மாரியம்மன் கோயில் மூன்றாவது ஒருவர் துண்டில். திருவிழாவுக்கு அவரிடம் போய் அனுமதி கேட்டு நிற்க வேண்டும்.

நிலத்துக்கும் நல்லதில்லை. ரப்பர் மரம் நட்டால் கத்தி வைக்க ஆறு ஏழு ஆண்டு காத்திருக்க வேண்டும். பெரிய தோட்டம் என்றால் ஒரு பக்கம் வெட்டி மறுநடவு செய்துகொண்டே மறுபக்கத்தில் பால் எடுக்கலாம். பத்து ஏக்கர்க்காரரால் எப்படி முடியும்? ஆறு வருஷம் என்ன சாப்பிடுவார்? ஆகவே இருக்கிற கிழட்டு மரத்தையே உச்சிவரை சீவித் தீர்ப்பார். ரப்பர் ஆராய்ச்சிக் கழகம் 1925-லேயே தொடங்கப்பட்டது. இங்கே நம் சுங்கை பூலோவில்தான் அதன் சோதனைத் தோட்டம் இருந்தது. அங்கே உருவாக்கிய ஆர்.ஆர்.ஐ.எம். 600 போன்ற ரகங்கள் பழைய விதை மரத்தைப்போல் இரண்டு மூன்று மடங்கு பால் கொடுத்தன. செயற்கை ரப்பர் வந்து விலையை அடித்துக்கொண்டிருந்த காலத்தில், புதுரக மரம் இல்லாதவனுக்குப் பிழைப்பு இல்லை. ஆக, துண்டாடல் மனிதனையும் கெடுத்தது, மண்ணையும் கெடுத்தது.

இந்த நேரத்தில்தான் 1960-ல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தை சம்பந்தன் தொடங்கினார். கே. ஆர். சோமசுந்தரம் அவருக்கு வலது கையாக நின்றார். யோசனை ரொம்ப எளிமை. ஒரு பங்கு நூறு வெள்ளி. மொத்தமாகக் கட்ட முடியாதவர் மாதம் பத்து வெள்ளி கட்டலாம். சேர்ந்த பணத்தில், விற்பனைக்கு வரும் தோட்டத்தைச் சங்கமே முழுசாக வாங்கும். நிலம் துண்டாகாது. உரிமை மட்டும் ஆயிரக்கணக்கான கைகளில் பங்காகும். தொழிலாளி அதே வீட்டில் இருப்பார், அதே நிரையில் பால் வெட்டுவார். ஆனால் அந்தத் தோட்டத்தில் அவருக்கும் ஒரு பங்கு உண்டு.

உலகத்தில் மற்ற இடங்களோடு வைத்துப் பார்த்தால்தான் இதன் அருமை எனக்குப் புரிந்தது. கென்யாவில் 1962-லிருந்து வெள்ளைக்காரர் பண்ணைகளை வாங்கிக் கூறுபோட்டு ஆப்பிரிக்கக் குடியானவர்களுக்குக் கொடுத்தார்கள். அங்கே துண்டு போடுவதுதான் விடுதலையாகப் பேசப்பட்டது. இலங்கையில் 1972-லும் 1975-லும் தோட்டங்களை அரசாங்கம் எடுத்துக்கொண்டது. மலையகத் தமிழர்களில் பலர் அதனால் பட்டினியும் விரட்டலும்தான் கண்டார்கள். இங்கே நம்மவர் எடுத்த வழி இரண்டும் இல்லை. அரசாங்கத்தின் கையையும் எதிர்பார்க்கவில்லை, நிலத்தையும் வெட்டவில்லை. கூலிக்காரன் காசில் கம்பெனி வாங்குவது. கேட்டவர்கள் சிரித்திருப்பார்கள் என்றுதான் நினைக்கிறேன்.

அமைச்சராக இருந்துகொண்டே அவர் தோட்டம் தோட்டமாகப் போனார். பிரட்டுக் களத்திலும் கோயில் வாசலிலும் நின்று பேசினார். கிள்ளான் பக்கம் எங்கள் குடும்பம் இருந்த தோட்டத்துக்கும் ஒரு சாயங்காலம் வந்ததாகப் பாட்டி சொல்வார். வெள்ளை வேட்டி, சட்டை. மேடை கிடையாது. பால் ஸ்டோர் முன்னால் நின்று பேசினாராம். என்ன பேசினார் என்று பாட்டிக்கு முழுசாக நினைவில்லை. பத்து வெள்ளி என்பது மட்டும் நினைவிருந்தது. அப்ப நாள் கூலி மூன்று வெள்ளி சொச்சம். மழை நாளில் அதுவும் இல்லை. பத்து வெள்ளி என்றால் மூன்று நாள் காண்டா சுமந்த காசு.

தாத்தாவுக்குப் பிடிக்கவில்லை. காசை வாங்கிக்கொண்டு ஓடிப்போன ஆட்கள் எத்தனை பேரைப் பார்த்திருக்கிறோம் என்று சத்தம் போட்டாராம். அவர் பயமும் பொய் இல்லை. சீட்டு என்றும் சங்கம் என்றும் தொழிலாளி ஏமாந்த கதைகள் நிறைய. பாட்டி கேட்கவில்லை. ஒட்டுப்பால் பொறுக்கிக் கிடைத்த காசில் கட்ட ஆரம்பித்தார்.

மூன்று ரசீது சேர்ந்தபோது எங்கள் தோட்டமே கைமாறிவிட்டது. தோட்டத்தின் பெயரும் வாங்கியவர் பெயரும் வேண்டாம். அவர்களெல்லாம் இப்போது இல்லை. சங்கத்துக்கு அப்போது அவ்வளவு பணம் இல்லை, ஒரே நேரத்தில் எத்தனை தோட்டம்தான் வாங்க முடியும்? துண்டு போட்டார்கள். லயம் இருந்த துண்டை வாங்கியவர் மூன்று மாதத்தில் காலி செய்யச் சொன்னார். பாட்டியும் தாத்தாவும் நான்கு பிள்ளைகளோடு கிள்ளானில் ஒரு புறம்போக்குக் குடிசைக்கு வந்தார்கள். தாத்தா துறைமுகத்தில் மூட்டை தூக்கப் போனார். என் அப்பா ஐந்தாம் வகுப்போடு படிப்பை விட்டார்.

இனிமேல் அந்தப் பத்து வெள்ளி எதற்கு? எல்லாரும் கேட்டார்கள். பாட்டி மீதி ஏழு மாதமும் கட்டினார். துணி வெளுத்துக் கட்டினார். நம்ம தோட்டம் போச்சு, இன்னொருத்தி தோட்டமாவது போகாம இருக்கட்டும் என்பதுதான் அவர் கணக்கு. தாத்தா ஒரு மாதம் அவரோடு பேசவில்லையாம்.

சங்கம் முதலில் வாங்கியது கெடாவில் புக்கிட் சீடிம் தோட்டம். அந்தத் தோட்டத்தைப் பாட்டி கடைசிவரை பார்த்ததில்லை. ஆனால் யாராவது கெடாவிலிருந்து வந்தால், நம்ம தோட்டம் அந்தப் பக்கந்தான் இருக்கு என்பார். அதற்கப்புறம் ஒன்றொன்றாகப் பதினைந்துக்கும் மேற்பட்ட தோட்டங்கள் சங்கத்தின் கைக்கு வந்தன. பழைய மரங்கள் போய்ப் புதுரகங்கள் வந்தன. பிறகு செம்பனையும் வந்தது.

குறை இல்லையா என்றால், உண்டு. துண்டாடலையே சட்டம் போட்டு நிறுத்த வேண்டிய நேரத்தில் அமைச்சரவையில் இருந்தவர் இவர். தோட்ட நிலத்தைப் பலருக்குப் பிரித்து விற்க அனுமதி வேண்டும் என்ற பிரிவு தேசிய நிலச் சட்டத்தில் பின்னாளில்தான் வந்தது. அதற்குள் எத்தனையோ தோட்டங்கள் போயாகிவிட்டன. அவர் இன்னும் உரக்கப் பேசியிருக்கலாம் என்று சொல்பவர்களோடு நான் சண்டை போட மாட்டேன். 1968 வேலைக் கட்டுப்பாட்டுச் சட்டத்துக்குப் பிறகு, சிவப்பு அடையாள அட்டைக்காரர்களுக்கு வேலை பெர்மிட் இல்லாமல் சுமார் 60,000 இந்தியர்கள் கப்பலேறினார்கள். அதையும் அவரால் தடுக்க முடியவில்லை. பங்குதாரர் ஆனவரும் மறுநாள் விடியற்காலை ஐந்து மணிக்குப் பிரட்டுக்குப் போய்த்தான் நின்றார். பங்கு கிடைத்தது, பால் வாளி தோளிலிருந்து இறங்கவில்லை.

ஆனால் ஒன்று. அரசியலுக்கு வந்தபோது அவருக்கு இருந்த ரப்பர் நிலத்தில் பெரும்பகுதி, போகும்போது இல்லை. தந்தை சேர்த்ததை விற்று விற்றுத்தான் அரசியல் நடத்தினார். 1973-ல் கட்சித் தலைமையை விட்டு இறங்கினார், அதுவும் சந்தோஷமான இறக்கம் இல்லை. 1979 மே 18-ல் காலமானார். வயது அறுபதுகூட ஆகவில்லை. தொழிலாளிக்கு நிலத்தில் பங்கு வாங்கிக் கொடுத்தவர் தன் நிலத்தை இழந்து போனார்.

இன்றைக்குக் கிள்ளான் பள்ளத்தாக்கில் தோட்டம் எங்கே? சீஃபீல்ட் தோட்டம் சுபாங் ஜெயாவும் யூ.எஸ்.ஜே.யும் ஆனது. எஃபிங்கம் தோட்டம் பண்டார் உத்தாமா ஆனது. பாட்டி பால் வெட்டிய நிரைகளின்மேல் இப்போது மாடிவீட்டு வரிசை. ஒரு முறை காரில் கூட்டிப்போய்க் காட்டினேன். இறங்க மாட்டேன் என்றுவிட்டார். கோயில் இருந்த இடத்தை மட்டும் கையை நீட்டிக் காட்டினார். அங்கே ஒரு துணி வெளுக்கும் கடை.

இதையெல்லாம் அன்று அந்தப் பிள்ளைகளிடம் சொல்லிக்கொண்டிருந்ததில் நேரம் போனதே தெரியவில்லை. ரசீதுகள் என் பையில் இருந்தன, எடுத்துக் காட்டினேன். ஒன்பதுதான் இருக்கின்றன. நான்காவது மாதத்து ரசீது வீடு மாறிய அமளியில் காணாமல் போய்விட்டது. ஸ்டேஷன் பெயர் என்று சொன்ன தம்பி அவற்றை மேசையில் வரிசையாக அடுக்கிக் கைப்பேசியில் படம் எடுத்தான். மூன்றாவதுக்கும் ஐந்தாவதுக்கும் நடுவில் ஒரு ரசீது அளவுக்கு இடம் விட்டிருந்தான். ரயிலுக்கு நேரமாகிவிட்டது, நாங்கள் எழுந்து சென்ட்ரல் பக்கம் நடந்தோம்.