ஒரு கணத்துள் முக்காலம் கண்ட ஆசிரியர்

பௌத்தம் தழுவிய நம்மவரை நோக்கிப் பிறர் விடுக்கும் வினா ஒன்றுண்டு. பல தலைமுறையாகச் சுமத்தப்பட்ட இழிவு, திரிசரணம் கூறிய ஒரு கணத்திலே நீங்கிவிடுமோ என்பதே அது. இவ்வினாவுக்கு விடை காண விழைவோர், சீன நாட்டில் விளங்கிய ஆசிரியர் பாத்சாங் அவர்களின் வரலாற்றை அறிதல் நலம்.

பாத்சாங் கி.பி. 643-ஆம் ஆண்டில், தாங் பேரரசின் தலைநகராகிய சாங்கானில் பிறந்தார். அவர்தம் முன்னோர் சீனர் அல்லர். மத்திய ஆசியாவின் சாமர்க்கந்துப் பகுதியினின்று வந்த சோக்தியர். பாட்டனார் காலத்தில் அக்குடும்பம் சீனத்திலே குடியேறிற்று. இளமையிலேயே தருமத்தில் வேட்கை கொண்ட பாத்சாங், அவதம்சக சூத்திரத்தில் வல்லவரான சீயென் என்னும் பெரியாரை அடுத்துப் பாடம் கேட்டார். 668-இல் ஆசிரியர் மறைந்தபோது மாணவர் துவராடை பெறாத உபாசகராகவே இருந்தார். 670-இல், வூ அரசியார் தம் அன்னையின் நினைவாக நிறுவிய விகாரையில் துறவு பூண்டார். அயல்வழி வந்த இவரே பின்னாளில் ஹுவாயென் மரபின் மூன்றாம் ஆசிரியராகப் போற்றப்பெற்றார்.

690-இல் வூ அரசியார் தாமே அரியணை ஏறினார். கோத்தான் நாட்டுச் சிக்ஷானந்தர் 695 முதல் 699 வரை அவதம்சக சூத்திரத்தை எண்பது பகுதிகளாகச் சீனத்தில் பெயர்த்த காலை, பாத்சாங் அப்பணியில் துணைநின்றார். அச்சூத்திரத்தின் இறுதிப் பகுதியிலே, மெய்ந்நெறி தேடும் சுதனன் என்னும் இளைஞன் கண்டு பயின்ற ஆசிரியர்களுள் மேகன் என்பவர் திராவிட நாட்டில் வாழ்ந்தவர். ஆதலின் இந்நூல் நமக்கு முற்றும் அயலதன்று.

பேரரசியார்க்கு இத்தத்துவம் விளங்காதபோது, ஆசிரியர் அரண்மனையில் நின்ற பொற்சிங்கத்தைச் சுட்டினார் என்பது வரலாறு. பொன்னுக்கென நிலையான உருவம் இல்லை. பொற்கொல்லன் கைத்திறம் முதலிய காரணங்களாலேயே சிங்கம் தோன்றிற்று. சிங்கம் தோற்றமே, பொன்னே உள்ளது. தங்கவயற் சுரங்கத்தில் உழைத்த நம் முன்னோர்க்கு இவ்வுண்மையைச் சொல்லித்தர வேண்டுவதில்லை. சாதி என்பதும் மனிதர் கைசெய்த உருவமேயன்றி மனிதத் தன்மையன்று.

அதே சிங்கத்தைக் கொண்டு அவர் காலத்தின் இயல்பையும் விளக்கினார். சிங்கம் கணந்தோறும் தோன்றிக் கணந்தோறும் மறைவது. அக்கணத்தை இறப்பு, நிகழ்வு, எதிர்வு என மூன்றாகப் பகுக்கலாம். அம்மூன்றனுள் ஒவ்வொன்றும் தனக்கென இறப்பும் நிகழ்வும் எதிர்வும் உடையது. ஆகக் காலம் ஒன்பதாயிற்று. அவ்வொன்பதும் ஒருங்கே அடங்கும் ஒரு நினைவுக் கணம் பத்தாவது காலம். சிறு கணத்துள் நெடுங்காலமும், நெடுங்காலத்துள் சிறு கணமும் ஒன்றையொன்று தடுக்காமல் உள்ளன என்பது அவர் கொள்கை.

மாணவர்க்கு இது விளங்காதபோது வேறோர் உபாயம் செய்தார். எண்டிசையிலும் மேலும் கீழுமாகப் பத்துக் கண்ணாடிகளை எதிரெதிரே நிறுத்தி, நடுவே புத்தர் திருவுருவை வைத்துத் தீப்பந்தம் ஏற்றினார். ஒவ்வொரு கண்ணாடியிலும் மற்றெல்லாக் கண்ணாடிகளும், அவற்றுள் அடங்கிய உருவங்களும், அவ்வுருவங்களுள் மீண்டும் உருவங்களும் எல்லையின்றித் தோன்றின. எங்கு நோக்கினும் புத்தர் ஒருவரே.

இக்கொள்கையினின்றே, போதியை நாடி எழும் முதல் எண்ணத்திலேயே போதி முழுதும் அடங்கியுள்ளது என்னும் துணிபு பிறக்கின்றது. எனினும் அவர் முயற்சியை விலக்கினாரல்லர். முதற்கணத்தில் அடங்கியதை ஒவ்வொரு கணமும் ஒழுக்கத்தால் விளக்கமுறச் செய்தலே வாழ்வு. தம் வாழ்நாள் முழுதும் மொழிபெயர்த்தும், உரைவரைந்தும், சொற்பொழிவாற்றியும் உழைத்தவர் அவர்.

712-இல் சாங்கானில் ஆசிரியர் மறைந்தார். அவருடன் பயின்ற உயிசாங் கொரியாவில் இந்நெறியைப் பரப்பினார். அவருடைய மாணவர் சிம்சாங் 740-இல் ஜப்பானின் நாரா நகரில் அவதம்சகத்தை விரித்துரைத்தார். அந்நகரின் தோதாய்ஜி விகாரையிலே 752-இல் கண்திறக்கப்பெற்ற வைரோசனப் பெருஞ்சிலை இன்றும் அந்நெறிக்குச் சான்றாய் அமர்ந்துள்ளது.

பிறர் விடுக்கும் வினாவுக்கு இனி விடை கூறலாம். இழிவு நம்முள் இருந்ததன்று. நம்மேல் வார்க்கப்பட்ட உருவம். திரிசரணக் கணம் சிறிதாயினும் அதனுள் நம் முன்னோரின் துயரும், நம் மக்களின் விடுதலையும் ஒருங்கே அடங்கியுள்ளன. அக்கணத்தை நாள்தோறும் புதுப்பிப்போமாக.