வானொலி அண்ணய்யா

தொலைக்காட்சி தமிழகத்திற்கு வந்தது 1975ஆம் ஆண்டில். அதற்குப் பல்லாண்டுகளுக்கு முன்பே, குரல் ஒன்றையே துணையாகக் கொண்டு குழந்தைகளின் உள்ளத்தைக் கவர்ந்தவர் நியாயபதி ராகவராவ்.

இவர் 1905ஆம் ஆண்டு, அன்றைய கஞ்சம் மாவட்டத்துப் பெர்காம்பூரில் பிறந்தார். சென்னை வானொலி நிலையம் 1938ஆம் ஆண்டு சூன் திங்களில் தொடங்கப்பெற்றது. அந்நிலையத்தின் தொடக்கக் காலத்திலேயே இவரும் இவர்தம் துணைவியார் காமேசுவரியும் தெலுங்குச் சிறுவர் நிகழ்ச்சியை நடத்தலாயினர். கேட்ட குழந்தைகள் இவரை 'ரேடியோ அண்ணய்யா' என்றும் அம்மையாரை 'ரேடியோ அக்கய்யா' என்றும் உரிமையோடு அழைத்தனர். அண்ணய்யா என்பது அண்ணனைக் குறிக்கும் தெலுங்குச் சொல். தமிழ்ச் சிறுவர்களும் தங்கள் நிகழ்ச்சியை நடத்தியவரை வானொலி அண்ணா என்றே அழைத்தனர். பிற்காலத்தில் அப்பெயரால் புகழ்பெற்றவர் கூத்தபிரான்.

அந்நாளில் வானொலிப் பெட்டி வாய்த்த வீடுகள் மிகச் சில. சேலத்தை அடுத்த பனமரத்துப்பட்டி போன்ற சிற்றூர்களில் அஃது அரும்பொருள். எட்டாத ஊரிலிருந்து வரும் குரல் பெரியவர்களுக்கே வியப்பளித்தது. அவ்வியப்பைத் தம் புகழுக்குப் பயன்படுத்திக்கொள்ள ராகவராவ் விரும்பவில்லை. கேட்டுக்கொண்டிருப்பது மட்டுமே குழந்தையின் கடமை என்று அவர் கருதவில்லை; பேசவும் பாடவும் நடிக்கவும் அதற்கு இடம் வேண்டும் என எண்ணினார். எனவே சிறுவர்களுக்குப் பயிற்சியளித்து ஒலிவாங்கியின் முன் நிறுத்தினார். பதிவு செய்து திருத்தும் வசதி அரிதாயிருந்த காலம் அது. தடுமாறிய சொல்லும் அப்படியே காற்றில் ஏறிவிடும். அந்த இடரை அறிந்தே அவர் குழந்தைகளை நம்பினார்.

ஒலிபரப்பு நேரம் சிறிது. அதில் பங்குபெறக் கூடிய சிறுவர் சிலரே. இக்குறையை உணர்ந்த இணையர், 1940இல் சென்னையில் பாலானந்த சங்கத்தை நிறுவினர். 1945இல் 'பாலா' என்னும் சிறுவர் இதழைத் தொடங்கினர். முள்ளபூடி வெங்கடரமணா சிறுவனாக எழுதிய முதற்கதை அவ்விதழில்தான் வெளிவந்தது. அவருடைய நண்பர் பாப்புவின் ஓவியங்களும் அதில் இடம்பெற்றன. பின்னாளில் தெலுங்கு இலக்கியத்திலும் திரைப்படத்திலும் இணைந்து புகழ்பெற்ற இவ்விருவருக்கும் முதல் மேடை அமைத்துத் தந்தது, குழந்தையின் படைப்பையும் படைப்பாகவே மதித்த ஓர் இதழாகும்.

1956இல் இணையர் ஐதராபாத்துக்குக் குடிபெயர்ந்து அங்கும் தம் பணியைத் தொடர்ந்தனர். காமேசுவரி அம்மையார் 1980இலும் ராகவராவ் 1984இலும் மறைந்தனர்.

வானொலியில் ஒலித்த சொற்கள் அன்றன்றே காற்றில் கலந்து மறைந்தன. ஆயினும் தன் குரலும் பிறர் செவிக்கு உரியது என்று ஒருமுறை உணர்ந்த குழந்தை, அதனை எளிதில் மறப்பதில்லை. ராகவராவ் ஈட்டிய செல்வம் அவ்வுணர்வே ஆகும்.