கலையரசி கட்டலின் கராடி

திரையில் விழும் நிழலினும் விரைந்து மறைவது திரைப்புகழ். ஆயினும், புகழ் மறைந்த பின்னரும் மறையாத அறம் ஒன்றைச் செய்து சென்ற கலைஞர் சிலர் உளர். அவருள் ஒருவர் ஹங்கேரி நாட்டு நடிகை கட்டலின் கராடி அம்மையார். பிறந்த மண்ணை விட்டு வேற்றிடத்தில் வாழும் நாம் அவர் வரலாற்றை அறிவது பொருத்தமுடையதே.

1910 ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்கள் 8 ஆம் நாள், புடாபெஸ்ட் நகரின் கோபான்யா பகுதியில், செருப்புத் தைக்கும் ஏழைத் தொழிலாளி ஒருவருக்கு ஏழாவது குழந்தையாக அவர் பிறந்தார். வீட்டில் வறுமையும் தந்தையின் கடுமையும் ஒருங்கே குடியிருந்தன. அறச்சிந்தையுடையோர் உதவியால் சிறு பருவத்திற் சில ஆண்டுகள் சுவிட்சர்லாந்திலும் நெதர்லாந்திலும் வளர்ந்தார். இளமையிற் செய்துகொண்ட திருமணமும் நிலைக்கவில்லை. அதன் பின்னரே நடிப்புக் கலையை முயன்று கற்றார்.

1939 இல் லாஸ்லோ கல்மார் இயக்கிய ‘சாவு தரும் வசந்தம்’ என்னும் படம் வெளிவந்தது. லயோஷ் ஸிலாஹியின் புதினத்தைத் தழுவிய அப்படத்தில், பால் யாவோருக்கு இணையாக நடித்த கட்டலின் ஒரே நாளில் நாடறிந்தவரானார். பெண் குரல் மென்மையாகவே இருத்தல் வேண்டும் என்றிருந்த காலத்தில், அவருடைய ஆழ்ந்த, கனத்த குரல் மக்களைக் கட்டிப்போட்டது. நங்கையர் அவரைப் போலவே தலைவாரினர். அவரைப் போலவே உடுத்தனர். பத்தாண்டுக்குள் ஏறத்தாழ 20 படங்களில் நடித்தார்.

1944 மார்ச்சில் ஜெர்மானியப் படை ஹங்கேரியைக் கைப்பற்றியது. நாட்டின் உளவுத்துறைத் தலைவராயிருந்த இஸ்த்வான் உய்சாசியிடம் அம்மையார் அன்பு பூண்டிருந்தார். நேச நாடுகளுக்கு உளவு சொன்னார் என்ற ஐயத்தின்பேரில் ஏப்ரலில் கெஸ்டாப்போ அவரைச் சிறைப்படுத்தி வதைத்தது. மூன்று திங்களுக்குப் பின் நைந்த உடலோடு வெளியே வந்தார்.

அந்நிலையிலும் அவர் நெஞ்சம் சுருங்கவில்லை. யூதர்களை டான்யூப் ஆற்றங்கரையில் நிறுத்திச் சுட்டுத்தள்ளிய கொடிய காலம் அது. தம் பொன் நகைகளைக் கொலைஞரிடம் ஈந்து, சாவின் விளிம்பில் நின்ற குழந்தைகளை மீட்டார். தம் இல்லத்திலேயே அவர்களுக்கு அடைக்கலம் தந்தார். ஒரு நடிகைக்கு நகை எத்துணை அருமையானது என்பதை எண்ணினால், அச்செயலின் பெருமை விளங்கும்.

போர் முடிந்தது, துயர் முடியவில்லை. உய்சாசி சோவியத்துப் படையினர் கையில் அகப்பட்டார். இருவரும் இணைந்து வாழும் வாய்ப்பு வாய்க்கவில்லை. புதிய ஆட்சியோ அம்மையாரைப் பழைய உலகின் எச்சமாகவே கருதியது. படவாய்ப்புகள் அற்றன. 1951 இல் எல்லை கடந்து வெளியேறினார். 1953 இல் பிரேசில் நாட்டின் சாவோ பாலோ நகரை அடைந்து தொப்பிக் கடை வைத்தார். 1968 இல் நியூயார்க் சென்று, அங்கும் அதே தொழிலை நடத்தினார். ஒரு நாடே போற்றிய கலையரசி, உழைத்து உண்பதை இழிவாக எண்ணவில்லை.

70 ஆம் பிறந்தநாளையொட்டித் தாயகம் அவரை அழைத்தபோது, தாம் வாராது ஒரு தொப்பியை மட்டும் அனுப்பி வைத்தார் என்பர். அதில் ஊடலும் உண்டு. அன்பும் உண்டு என்றே நாம் கருதுகிறோம்.

1990 பிப்ரவரி 8 ஆம் நாள் நியூயார்க்கில் இயற்கை எய்தினார். உயிரோடு திரும்பாத அவரைப் புடாபெஸ்ட் நகரம் தன் மடியில் ஏற்று அடக்கம் செய்தது. 2004 இல் இஸ்ரேலின் யாட் வாஷெம் நிறுவனம், யூதரைக் காத்த அறவோர் வரிசையில் அவர் பெயரைச் சேர்த்தது. அவர் நடித்த படங்கள் பழையனவாகலாம். அவர் காத்த குழந்தைகளின் வழிவழி வாழ்வு என்றும் புதியதாகவே இருக்கும்.