பம்மல் தந்த நாடகத் தந்தை

பம்மல் சம்பந்த முதலியார் என்றதும் பலருக்கு 'சபாபதி' படத்து அசட்டு வேலைக்காரன்தான் நினைவுக்கு வருவான். அவனைப் படைத்தவர் ஒரு வக்கீல். பின்னாளில் சென்னைச் சிறுவழக்கு நீதிமன்றத்தின் நீதிபதி என்பது நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்?

பல்லாவரத்தை அடுத்த பம்மல் அந்நாளில் செங்கல்பட்டு ஜில்லா. 2019 முதல் மீண்டும் நம் மாவட்டம். அவர் பிறந்தது என்னவோ சென்னையில், 1873-ல். ஆயினும் குடும்பத்தின் ஊரை வைத்து நம்மவர் என்றே உரிமை கொண்டாடுகிறேன்.

மாமல்லபுரத்துப் பக்கம் விடிய விடிய நடக்கும் தெருக்கூத்தைப் பார்த்து வளர்ந்தவன் நான். சம்பந்தனாருக்கோ இளமையில் தமிழ் நாடகம் என்றாலே இளக்காரம். 1891-ல் பல்லாரி கிருஷ்ணமாச்சாரியார் குழுவினர் சென்னையில் நடத்திய தெலுங்கு நாடகம் அவர் மனத்தை மாற்றியது. படித்தவர்களே வேடம் கட்டி ஆடுவதைக் கண்டார். அவ்வாண்டே நண்பர்களோடு சுகுண விலாச சபையைத் தொடங்கினார். வயது 18!

நடிகனைக் கூத்தாடி என்று ஏசிய காலம் அது. அவர் சபையிலோ வக்கீல்களும் உத்தியோகஸ்தர்களும் அரிதாரம் பூசினர். இரவெல்லாம் நீண்ட நாடகம் சில மணி நேரத்தில் அடங்கியது. பாட்டு குறைந்து உரைநடை வசனம் ஓங்கியது. ஹாம்லெட் தமிழில் 'அமலாதித்யன்' ஆனான். ஏறத்தாழத் தொண்ணூறு நாடகங்கள் எழுதினார். எனக்கு ஒரு குறை உண்டு. கூத்தையே பிழைப்பாகக் கொண்ட ஏழைக் கலைஞனுக்கு அந்த மரியாதை எளிதில் போய்ச் சேரவில்லை. கதாநாயகி வேடமும் ஆண்களுக்கே. அவருடைய ஆருயிர் நண்பர் ரங்கவடிவேலு அதில் பெரும்பேர் பெற்றார்.

'மனோகரா' நாடகத்தின் கதை தனிச் சுவையுடையது. வாலிப வயதில், தாய்க்காகக் கொதித்தெழும் மகன் மனோகரனாக அவரே மேடையேறினார். 1924 முதல் 1928 வரை நீதிபதிப் பதவி. ஓய்வு பெற்றபின் பேசும்படம் அழைத்தது. 1936-ல் 'மனோகரா' படமானபோது 63 வயதுக்காரர் தந்தை புருஷோத்தம மன்னனாக நடித்தார்! நீதிபதியாயிருந்தவர் காமிரா முன் முகத்தில் சாயம் பூசி நின்றதை ஊர் என்ன சொல்லியிருக்கும்? அவர் அதைப் பொருட்படுத்தியதாகத் தெரியவில்லை. 1954-ல் மு. கருணாநிதியின் வசனத்தில் சிவாஜி கணேசன் சங்கிலிகளோடு முழங்கியபோது கதாசிரியருக்கு 81 வயது.

முதுமையில் கண்பார்வை மங்கியது. 1959-ல் பத்மபூஷண் விருது வந்தது. 1964 செப்டம்பர் 24-ல், 91-ஆம் வயதில் அவர் மறைந்தார்.