சிறிய நாடுகளின் அச்சத்தை அறிந்திருந்த சீனப் பிரதமர்

1974ஆம் ஆண்டு மே 31ஆம் தேதி, பெய்ஜிங்கில் மலேசியப் பிரதமர் துன் அப்துல் ரசாக்கும் சீனப் பிரதமர் சூ என்லாயும் ஒரு கூட்டறிக்கையில் கையெழுத்திட்டனர். ஆசியான் அமைப்பு 1967இல் தொடங்கப்பட்ட பிறகு, அதன் உறுப்பு நாடுகளில் சீனாவுடன் அரசதந்திர உறவை முதலில் ஏற்படுத்திக்கொண்டது மலேசியாதான். அப்போது சூ என்லாய்க்கு 76 வயது. சிறுநீர்ப்பைப் புற்றுநோயால் அவர் அவதிப்பட்டுக்கொண்டிருந்தார். கையெழுத்திட்ட மறுநாளே அறுவை சிகிச்சைக்காக மருத்துவமனையில் சேர்ந்தார்.

சீனாவின் வெளியுறவுக் கொள்கையைப் பல்கலைக்கழகத்தில் படிக்கும்போது நான் மீண்டும் மீண்டும் சந்திக்கும் பெயர் இவருடையது. மருத்துவமனைக்குச் செல்வதற்கு முந்தைய நாளில்கூட அவர் கையெழுத்திட்ட அந்த அறிக்கை, நம் வட்டாரத்தில் வாழும் லட்சக்கணக்கானோரின் குடியுரிமையைப் பற்றியும் பேசியது. அதன் முக்கியத்துவம் புரிய, அவர் வாழ்க்கையைச் சற்றுப் பின்னோக்கிப் பார்க்க வேண்டும்.

சூ என்லாய் 1898ஆம் ஆண்டு மார்ச் 5ஆம் தேதி ஜியாங்சு மாநிலத்தின் ஹுவாய்ஆன் நகரில் பிறந்தார். பெற்ற தாயையும் வளர்த்த தாயையும் சிறு வயதிலேயே இழந்து, உறவினர்களின் ஆதரவில் வளர்ந்தார். சிங் பேரரசு தளர்ந்து, வெளிநாட்டு வல்லரசுகள் சீனத் துறைமுகங்களைப் பங்கு போட்டுக்கொண்டிருந்த காலம் அது. தியான்ஜினில் உள்ள நான்காய் பள்ளியில் படித்தபின் ஜப்பான் சென்றார். 1919இல் நாடு திரும்பி மாணவர் போராட்டங்களில் இறங்கியதால், அடுத்த ஆண்டு சிறைவாசம் அனுபவித்தார். பின்னர் பிரான்சுக்குச் சென்று, அங்கே கம்யூனிஸ்ட் இயக்கத்தில் சேர்ந்தார்.

உள்நாட்டுப் போர், நெடும்பயணம், ஜப்பானிய ஆக்கிரமிப்பு ஆகியவற்றைக் கடந்து 1949இல் மக்கள் சீனக் குடியரசு உருவானபோது அவர் பிரதமரானார். இறக்கும்வரை அந்தப் பதவியில் நீடித்தார். 1958 வரை வெளியுறவு அமைச்சராகவும் இருந்தார்.

அன்றைய சீனா இன்றைய சீனா அல்ல. ஏழை நாடு, கொரியப் போரில் அமெரிக்காவுடன் மோதிய நாடு, ஐக்கிய நாட்டு நிறுவனத்தில் இடம் மறுக்கப்பட்ட நாடு. 1954இல் ஜெனீவா மாநாட்டுக்கு சூ என்லாய் சென்றபோது, அமெரிக்க வெளியுறவு அமைச்சர் ஜான் ஃபாஸ்டர் டல்லஸ் அவருடன் கைகுலுக்க மறுத்தார் என்ற செய்தி உலகெங்கும் பேசப்பட்டது. வல்லரசுகள் கதவை மூடியதால், சூ என்லாய் அக்கம்பக்கத்து நாடுகளின் கதவுகளைத் தட்டினார்.

அதே ஆண்டு, திபெத் வணிகம் தொடர்பாக இந்தியாவுடன் செய்துகொண்ட உடன்பாட்டில் பஞ்சசீலம் எனப்படும் ஐந்து கொள்கைகள் இடம்பெற்றன. ஒருவரின் நிலப்பரப்பை மற்றவர் மதிப்பது, ஒருவரை ஒருவர் தாக்காமல் இருப்பது, உள்விவகாரங்களில் தலையிடாமல் இருப்பது, சமத்துவம், அமைதியான சகவாழ்வு ஆகியவையே அவை.

அடுத்த சோதனை 1955 ஏப்ரலில் இந்தோனீசியாவின் பாண்டுங் நகரில் நடந்த ஆசிய ஆப்பிரிக்க மாநாடு. அங்கே செல்லும் முன்பே உயிருக்கு ஆபத்து வந்தது. சீனப் பேராளர் குழுவினரை ஏற்றிக்கொண்டு ஹாங்காங்கிலிருந்து கிளம்பிய ஏர் இந்தியாவின் ‘காஷ்மீர் பிரின்சஸ்’ விமானம் ஏப்ரல் 11ஆம் தேதி வெடிகுண்டு வைத்துத் தகர்க்கப்பட்டது. 16 பேர் மாண்டனர். சூ என்லாய் அந்த விமானத்தில் இல்லை. வேறு வழியில் பாண்டுங் சென்று சேர்ந்தார்.

மாநாட்டில் 29 நாடுகள் கூடியிருந்தன. அவற்றில் பல, கம்யூனிசச் சீனாவைச் சந்தேகத்துடன் பார்த்தன. சில தலைவர்கள் கம்யூனிசத்தைக் கடுமையாகச் சாடிப் பேசினர். சூ என்லாய் ஆத்திரப்படவில்லை. தயாரித்து வைத்திருந்த உரையை எழுத்து வடிவில் வழங்கிவிட்டு, வேறொரு சுருக்கமான உரை ஆற்றினார். சண்டையிட வரவில்லை, ஒற்றுமையைத் தேடி வந்திருக்கிறோம். வேறுபாடுகளை ஒதுக்கிவைத்து, ஒத்துப்போகும் இடங்களைத் தேடுவோம் என்பதே அதன் சாரம்.

அவரது நிதானத்தைவிட, அவர் விட்டுக்கொடுத்த ஒன்றுதான் எனக்குப் பெரிதாகத் தெரிகிறது. சீனத் தந்தைக்குப் பிறந்தவர் உலகில் எங்கே பிறந்தாலும் சீனக் குடிமகனே என்று 1909ஆம் ஆண்டின் சிங் பேரரசுச் சட்டம் சொன்னது. அதனால் தென்கிழக்காசிய அரசாங்கங்கள் தங்கள் சீன மக்களின் விசுவாசத்தைச் சந்தேகித்தன. ஏப்ரல் 22ஆம் தேதி, பாண்டுங்கிலேயே, இந்தோனீசியாவுடன் இரட்டைக் குடியுரிமை ஒப்பந்தத்தில் சூ என்லாய் கையெழுத்திட்டார். இரண்டு குடியுரிமைகளையும் உடையவர்கள் ஒன்றைத் தெரிவுசெய்ய வேண்டும். வெளிநாட்டில் வாழும் சீனர்கள் மீதான உரிமைகோரலை ஒரு சீன அரசாங்கம் தானாகவே சுருக்கிக்கொண்டது.

1974இல் மலேசியாவுடன் வெளியிட்ட கூட்டறிக்கையிலும் இதே கருத்து வந்தது. மலேசியக் குடியுரிமை பெற்ற சீனர்கள் சீனக் குடியுரிமையை இழந்தவர்களாகக் கருதப்படுவர் என்று அது அறிவித்தது. மலேசிய மக்கள்தொகையில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கினர் சீனர்களாக இருந்த நேரத்தில் இது சிறிய விஷயம் அல்ல. எந்த நாட்டுக்குச் சொந்தம் என்ற கேள்வி, கடல் கடந்து வந்தவர்களின் பிள்ளைகளான நம் எல்லாருக்கும் பழக்கமான கேள்விதானே.

சூ என்லாயைக் குறையில்லாத மாமனிதராக மட்டும் காட்டினால் அது வரலாறு ஆகாது. பஞ்சசீலம் எழுதப்பட்டு எட்டே ஆண்டுகளில், 1962இல், இந்தியாவும் சீனாவும் எல்லையில் போரிட்டன. அதற்கு ஈராண்டுகளுக்கு முன் டெல்லியில் அவர் நேருவுடன் நடத்திய பேச்சும் தோல்வி கண்டிருந்தது.

1966இல் மாவோ தொடங்கிய கலாசாரப் புரட்சியில் வெளியுறவு அமைச்சே முடங்கியது. எகிப்தில் இருந்த தூதரைத் தவிர மற்ற தூதர்கள் எல்லாரும் திருப்பி அழைக்கப்பட்டனர். 1967இல் பெய்ஜிங்கிலிருந்த பிரிட்டிஷ் தூதரகக் கட்டடத்துக்குத் தீ வைக்கப்பட்டது. சூ என்லாய் சிலரைக் காப்பாற்றினார். ஆனால் மாவோவை எதிர்க்கவில்லை. அவர் மகளைப் போல வளர்த்த நாடக இயக்குநர் சுன் வெய்ஷி 1968இல் சிறையில் இறந்தார்.

நம் வட்டாரத்திலும் சொல்லுக்கும் செயலுக்கும் இடைவெளி இருந்தது. மலாயாக் கம்யூனிஸ்ட் கட்சியின் வானொலி 1969 முதல் சீன மண்ணிலிருந்து ஒலிபரப்பானது. மலேசியாவுடன் உறவு மலர்ந்த பிறகும் அது நிற்கவில்லை. 1981இல்தான் மௌனமானது. சிங்கப்பூர், சீனாவுடன் முறையான உறவை ஏற்படுத்த 1990 வரை காத்திருந்ததற்கு இத்தகைய ஐயங்களும் பின்னணியாக இருந்தன என்பது என் கணிப்பு.

சூ என்லாயின் கடைசி ஆண்டுகளில் உலகம் சீனாவை நோக்கித் திரும்பியது. 1971 அக்டோபரில் ஐக்கிய நாட்டு நிறுவனத்தில் சீனாவுக்குரிய இடம் பெய்ஜிங்குக்குக் கிடைத்தது. 1972 பிப்ரவரி 21ஆம் தேதி அமெரிக்க அதிபர் ரிச்சர்ட் நிக்சன் பெய்ஜிங்கில் விமானத்திலிருந்து இறங்கியதும் சூ என்லாயை நோக்கிக் கையை நீட்டினார். ஜெனீவாவில் நேர்ந்த அவமதிப்பு நீங்க 18 ஆண்டுகள் ஆயின.

1976 ஜனவரி 8ஆம் தேதி சூ என்லாய் காலமானார். அவருக்குப் பிள்ளைகள் இல்லை. அவர் விருப்பப்படி அஸ்தி சீன மண்ணிலும் நீரிலும் தூவப்பட்டது. அந்த ஏப்ரலில் அவரை நினைத்துத் தியானன்மென் சதுக்கத்தில் பெருந்திரளாகக் கூடிய மக்களை அதிகாரிகள் பலவந்தமாகக் கலைத்தனர்.

இன்று சீனா உலகின் இரண்டாவது பெரிய பொருளியல். நம் வட்டாரத்தில் ரயில் பாதைகளும் துறைமுகங்களும் அமைக்கிறது. அதே சமயம் தென்சீனக் கடலில் பிலிப்பீன்ஸ், வியட்னாம், மலேசியா ஆகிய நாடுகளுடன் அதற்குப் பிணக்கு இருக்கிறது. அந்தக் கடல் குறித்து 2016இல் அனைத்துலக நடுவர் மன்றம் அளித்த தீர்ப்பை அது ஏற்கவில்லை. பஞ்சசீலத்தைச் சீனத் தலைவர்கள் இன்றும் போற்றிப் பேசுகிறார்கள்.

வளம் பெருகிய காலத்தில் அடக்கமும், தாழ்ந்த காலத்தில் தலைநிமிர்வும் வேண்டும் என்பது பள்ளியில் நாம் படித்த வள்ளுவரின் கருத்து. சூ என்லாயின் சீனா தாழ்ந்த காலத்தில் தலைநிமிர்ந்து நின்றது. அவர் கையாண்ட சமத்துவ மொழி, வலிமையற்ற ஒரு நாட்டுக்குத் தேவையான மொழியும்கூட. அந்த மொழியை வலிமை பெற்ற பின்னும் சீனா காப்பாற்றுகிறதா என்பதைத்தான் சிறிய நாடுகள் கவனிக்கின்றன. சிங்கப்பூரர்களாகிய நாமும் தலைவர்களின் கைகுலுக்கல்களோடு நிற்காமல், பெரிய நாடு எதை விட்டுக்கொடுக்க முன்வருகிறது என்பதையும் பார்க்கப் பழக வேண்டும்.