வெள்ளம் அடித்துப் போயும் விடாமல் அணை கட்டிய கர்னல்! இங்கிலாந்து போய் என்ஜினீயரிங் கல்லூரித் தலைவர் ஆனார்

தேனி பஸ் நிலையத்தில் இறங்குகிறவர்கள் தினமும் ஒரு வெள்ளைக்காரர் பெயரைப் பார்க்கிறார்கள். கர்னல் ஜான் பென்னிகுயிக்.

கூடலூர், கம்பம், சின்னமனூர் பக்கம் டீக்கடையில் கூட அவர் படம் தொங்கும். மாலையும் போட்டிருப்பார்கள். பிள்ளைகளுக்கு அவர் பெயரை வைத்தவர்களும் உண்டு.

முல்லைப் பெரியாறு அணையைக் கட்டியவர் என்பது எல்லோருக்கும் தெரியும். அதற்கு முன்னும் பின்னும் அவர் என்ன ஆனார் என்பது பலருக்குத் தெரியாது.

ஒரே நாளில் இரண்டு சாவு

பென்னிகுயிக் பிறந்தது 1841 ஜனவரி 15. ஊர், புனே. அப்பா ராணுவ அதிகாரி.

1849 ஜனவரி 13-ந் தேதி பஞ்சாபில் சில்லியன்வாலா என்ற இடத்தில் சீக்கியர்களோடு பயங்கரச் சண்டை. அதில் அப்பா குண்டடிபட்டு விழுந்தார். 17 வயது அண்ணன் அலெக்சாண்டர் அப்பாவின் பிணத்தை விட்டு நகரவில்லை. அங்கேயே அவரும் வெட்டுப்பட்டு மாண்டார்.

பென்னிகுயிக்குக்கு எட்டாவது பிறந்த நாள் வர இரண்டே நாள்தான் பாக்கி.

அப்படியும் அந்த வீட்டுப் பிள்ளை ராணுவத்துக்குத்தான் போனார். இங்கிலாந்தில் செல்டன்ஹாமில் படிப்பு. பிறகு கிழக்கிந்தியக் கம்பெனியின் அடிஸ்கோம்ப் ராணுவக் கல்லூரி. 1858-ல் சென்னை என்ஜினீயர் படையில் வேலை. 1860-ல் இந்தியா வந்து சேர்ந்தார். நடுவில் அபிசீனியா சண்டைக்கும் போய் வந்தார். அப்புறம் பொதுப்பணித் துறை.

நூறு வருஷப் பேச்சு

மேற்கு மலையில் கொட்டுகிற மழை, பெரியாறாக ஓடி அரபிக்கடலில் வீணாய்ப் போகிறது. மலைக்கு இந்தப் பக்கம் வைகை காய்ந்து கிடக்கிறது. அந்தத் தண்ணீரை இந்தப் பக்கம் திருப்பினால் என்ன?

இந்த யோசனை பென்னிகுயிக்குடையது அல்ல. 1789-லேயே ராமநாதபுரம் சேதுபதி சீமை மந்திரி முத்திருளப்ப பிள்ளை ஆட்களை அனுப்பி மலையைப் பார்க்கச் சொன்னார். பணம் இல்லை. திட்டம் நின்றது.

1808-ல் கால்டுவெல் என்ற வெள்ளைக்காரக் கேப்டன் வந்து பார்த்தார். நடக்காத காரியம் என்று எழுதி வைத்துவிட்டுப் போனார். 1850-ல் சின்னதாக ஒரு வேலை தொடங்கினார்கள். அதுவும் பாதியில் போச்சு.

1876-ல் வந்தது தாது வருஷப் பஞ்சம். மதுரைச் சீமையில் ஜனங்கள் கொத்துக் கொத்தாகச் செத்தார்கள். உயிர் பிழைத்தவர்கள் கஞ்சித்தொட்டி வாசலில் நின்றார்கள். அதற்கப்புறம்தான் சர்க்கார் தூக்கம் கலைந்தது. திட்டத்தைப் புதுசாகப் போட்டுக் கொடுக்கும்படி 1882-ல் பென்னிகுயிக்கிடம் ஒப்படைத்தார்கள்.

திருவிதாங்கூர் மகாராஜாவோடு பேச்சு நடந்தது. 1886 அக்டோபர் 29-ல் ஒப்பந்தம். 8,000 ஏக்கர், 999 வருஷக் குத்தகை, ஏக்கருக்கு ஆண்டு வாடகை 5 ரூபாய். இன்று வரை இரண்டு மாநிலமும் மல்லுக்கு நிற்பது இந்தக் காகிதத்தை வைத்துத்தான். 1970-ல் வாடகை 30 ரூபாய் ஆனது.

காட்டுக்குள்ளே

1887-ல் வேலை தொடங்கியது. சுமார் 3,000 அடி உயர மலைக்காடு. ரோடு இல்லை. யானைக் கூட்டம், புலி, விடாத மழை. ரெயிலை விட்டு இறங்க வேண்டிய இடம் அம்மையநாயக்கனூர். இன்றைய கொடைக்கானல் ரோடு. அங்கிருந்து கம்பம் பள்ளத்தாக்கு முழுவதும் மாட்டு வண்டிதான். கூடலூர் பக்கம் குருவனூத்தில் சுண்ணாம்புக்கல் வெட்டி, கம்பிக் கயிற்றில் தொங்கவிட்டு மலைக்கு ஏற்றினார்கள்.

ஆற்றின் குறுக்கே மண்ணும் கல்லும் போட்டுத் தண்ணீரை ஒதுக்கினால்தான் அஸ்திவாரம் தோண்ட முடியும். போட்டார்கள். வெள்ளம் வந்து வாரிக்கொண்டு போனது. மறுபடி போட்டார்கள். மறுபடியும் போனது. பட்டாளத்து ஆட்களே திணறினார்கள். சென்னையில் இருந்த பெரிய அதிகாரிகள் முகம் சுளித்தார்கள். பணத்தை ஆற்றில் கொட்டுவது என்பது அங்கே நிஜமாகவே நடந்து கொண்டிருந்தது.

வெள்ளத்தை விடக் கொடியது மலைக்காய்ச்சல். காலராவும் வந்தது. காய்ச்சல் பரவினால் கூலிக்காரர்கள் மூட்டையைக் கட்டிக்கொண்டு கீழே இறங்கி விடுவார்கள். நோயில் செத்தவர்கள் மட்டும் 483 பேர் என்று கணக்கு. அணைக்குப் பக்கத்திலேயே புதைத்தார்கள். குளிருக்கும் காய்ச்சலுக்கும் தாக்குப்பிடிக்கச் சாராயமும் ஊற்றிக் கொடுத்திருக்கிறார்கள். அது இல்லாமல் அணை எழும்பியிருக்காது என்று அந்த நாளிலேயே பேச்சு உண்டு. மதுவிலக்குக்காரர்கள் மன்னிக்க!

கர்னலுக்குச் சிலை இருக்கிறது. அந்த 483 பேரில் எத்தனை பேருடைய பெயர் யாருக்குத் தெரியும்?

சொத்தை விற்றாரா?

சர்க்கார் கைவிட்டதும் பென்னிகுயிக் இங்கிலாந்து போய்ச் சொத்தை விற்றுப் பணம் கொண்டு வந்து அணையைக் கட்டினார் என்று பள்ளத்தாக்கில் சின்னப் பிள்ளையும் சொல்லும். அதற்குச் சர்க்கார் காகிதத்தில் ஆதாரம் இல்லை என்று சரித்திரம் பார்ப்பவர்கள் சொல்கிறார்கள். செலவு சுமார் 81 லட்சம் ரூபாய். கணக்கு சர்க்கார் கணக்கில்தான் இருக்கிறது.

ஊர்க்காரர்களிடம் இதைச் சொன்னால் சண்டைக்கு வருவார்கள். சொத்தை விற்காவிட்டாலும் எட்டு வருஷத்தை அந்தக் காட்டில் போட்டார். அதை யாரும் மறுக்கவில்லை.

ஆற்றுப்படுகையில் இருந்து 155 அடி உயரம். சுண்ணாம்பு, செங்கல் தூள், கருங்கல் சேர்ந்த கட்டுமானம். ஏரியில் தேங்கிய தண்ணீர் தேக்கடியில் மலையைக் குடைந்த ஒரு மைலுக்கு மேல் நீளமான சுரங்கம் வழியாகக் கிழக்கே இறங்குகிறது. மேற்கே ஓடிய ஆறு கிழக்கே திரும்பியது என்று உலகமே பார்த்தது. 1895 அக்டோபரில் கவர்னர் வென்லாக் பிரபு வந்து தண்ணீரைத் திறந்து விட்டார்.

கம்பம் பள்ளத்தாக்கில் மட்டும் 14,707 ஏக்கர் இருபோக நெல் இந்தத் தண்ணீரில் விளைகிறது. தேனி, திண்டுக்கல், மதுரை, சிவகங்கை, ராமநாதபுரம் என்று ஐந்து மாவட்டம் குடிக்கிறது.

கல்லூரி நாற்காலி

அணை முடிந்த மறுவருஷமே, 1896-ல், பென்னிகுயிக் பதவி விலகி இங்கிலாந்து போனார். சும்மா உட்காரவில்லை. லண்டனுக்கு மேற்கே கூப்பர்ஸ் ஹில் என்ற மேட்டில் ராயல் இந்தியன் என்ஜினீயரிங் கல்லூரி இருந்தது. இந்தியாவில் ரோடு, பாலம், கால்வாய் போடுகிற வெள்ளைக்கார என்ஜினீயர்களைத் தயார் செய்யவே 1870-களின் தொடக்கத்தில் திறந்த கல்லூரி. அதன் தலைவர் நாற்காலி அவருக்குக் கிடைத்தது.

மலையில் சேறு மிதித்தவர் பாடத்திட்டம் பார்க்கப் போனார். இந்தியாவுக்குக் கப்பல் ஏறப்போகிற பையன்களுக்கு அவரை விடப் பொருத்தமான ஆள் கிடைத்திருக்க மாட்டார். பெரியாற்றைத் திருப்பியது பற்றிய கட்டுரைக்காக 1897-ல் டெல்போர்டு பதக்கமும் வந்தது.

மூன்று வருஷம் இருந்தார். 1899-ல் விலகினார். அதே வருஷம் ஆஸ்திரேலியாவில் குயின்ஸ்லாந்து சர்க்கார் கூப்பிட்டது. பிரிஸ்பேன் ஆற்று வெள்ளத்தைத் தடுக்க யோசனை வேண்டுமாம். வெள்ளத்தைப் பற்றி அவரிடம் கேட்காமல் வேறு யாரிடம் கேட்பது?

கூப்பர்ஸ் ஹில் கல்லூரிக்கு அப்புறம் நல்ல காலம் இல்லை. அடுத்து வந்த தலைவர் காலத்தில், 1900 கடைசியில், பேராசிரியர்கள் பலரை ஒரேயடியாக வீட்டுக்கு அனுப்பினார்கள். பெரிய விஞ்ஞானி கெல்வின் பிரபு உள்பட பலர் கொதித்தார்கள். 1906-ல் கல்லூரியே மூடப்பட்டது. அவருக்கு நாற்காலி கொடுத்த கல்லூரி போய்விட்டது. அவர் கட்டிய அணை நிற்கிறது.

1911 மார்ச் 9-ல் கேம்பர்லியில் பென்னிகுயிக் காலமானார். வயது 70. மனைவி ஜார்ஜியானா, ஒரு மகன், ஐந்து மகள்கள். பக்கத்தில் பிரிம்லி மாதா கோவில் கல்லறையில் அடக்கம்.

லோயர் கேம்ப்பில் தமிழக அரசு கட்டிய மணிமண்டபத்தை 2013 ஜனவரி 15-ல் முதல்வர் ஜெயலலிதா திறந்தார். அவர் பிறந்த நாளும் தைப்பொங்கலும் பெரும்பாலும் ஒன்றாகவே வரும். பாலார்பட்டியில் அன்றைக்கு அவர் பெயரிலேயே பானை வைத்துப் பொங்கலிடுகிறார்கள். 2022-ல் கேம்பர்லியிலும் தமிழக அரசு ஒரு சிலை வைத்தது.