பாட்டிதான் ஹீரோயின்: யார் இந்த கே.பி.சுந்தராம்பாள்?

தமிழ் சினிமாவில் வயதான பெண்ணுக்கு என்ன வேலை? மகனுக்காக அழுவது, இருமுவது, மருமகளைத் திட்டுவது. ஆனால், 1953-ல் ஜெமினி எஸ்.எஸ்.வாசன் எடுத்த ‘ஔவையார்’ முழுக்க ஒரு கிழவியைச் சுற்றித்தான் ஓடுகிறது. அரசர்களுக்கே புத்தி சொல்லும் கிழவி. அதில் நடித்த கே.பி.சுந்தராம்பாளுக்கு அப்போது 45 வயதுகூட ஆகவில்லை.

1908-ல் கொடுமுடியில் பிறந்தவர். நாடக மேடையில் எஸ்.ஜி.கிட்டப்பாவோடு சேர்ந்து பாடினால் கூட்டம் அள்ளும். மேடை ஜோடி, வாழ்க்கையிலும் ஜோடியானது. 1933-ல் கிட்டப்பா இறந்தபோது சுந்தராம்பாளுக்கு வெறும் 25 வயது. அன்றிலிருந்து வெள்ளைப் புடவைதான். இனி எந்த ஆணுக்கும் ஜோடியாக நடிப்பதில்லை என்றும் முடிவெடுத்தார். கதாநாயகி வேடங்களுக்கு அதோடு கதவு சாத்தியாச்சு. 1935-ல் ‘நந்தனார்’ படத்தில் ஆண் வேடமே போட்டார். சம்பளம் ஒரு லட்சம் ரூபாய்!

‘ஔவையார்’ படத்தில், கல்யாணம் வேண்டாம் என்று ஓர் இளம்பெண் பிள்ளையாரிடம் முதுமையைக் கேட்டு வாங்குவாள். சுந்தராம்பாளின் சொந்தக் கதையும் கிட்டத்தட்ட இதுதானே. என்ன, இவர் யாரிடமும் கேட்டு வாங்கவில்லை.

பிறகு ‘பூம்புகார்’ கவுந்தியடிகள், ‘திருவிளையாடல்’ படத்தில் கோபித்துக்கொண்ட முருகனையே சமாதானப்படுத்தும் ஔவை. 1969-ல் வந்த ‘துணைவன்’ படத்தில் பாடியதற்காகத் தேசிய விருது கிடைத்தபோது 60-ஐத் தாண்டியிருந்தார். 1980-ல் மறைந்தார்.